கல்முனைக் கரையும் பாராளுமன்றமும்: எம். எச். எம். அஷ்ரபின் அரசியல் வாழ்வு பற்றிய ஒரு வரலாற்று நோக்கு

மட்டக்களப்புத் தேசத்தின் தென்பாகத்திலே, கிழக்கே கடலும் மேற்கே நெல்வயலும் எல்லையாக, ஒடுங்கிய மணற்பாங்கான நிலத்தொடர் ஒன்று தெற்கு நோக்கி நீண்டு செல்கின்றது. மருதமுனை, கல்முனைக்குடி, சாய்ந்தமருது, நிந்தவூர், ஒலுவில், அட்டாளைச்சேனை, அக்கரைப்பற்று, பொத்துவில் ஆகிய முஸ்லிம் ஊர்களும், பாண்டிருப்பு, காரைதீவு, தம்பிலுவில், திருக்கோவில் ஆகிய தமிழ் ஊர்களும் ஒன்றையடுத்து ஒன்றாக இத்தொடரிலே அமைந்துள்ளன. சற்று உள்ளே வயல்களின் நடுவே சம்மாந்துறை இருக்கின்றது. இவ்வூர்களின் மக்கள் பேசும் மொழி ஒன்று. தாய்வழிக் குடிமுறையும் பெருமளவிற்குப் பொதுவானது. ஒரே வாய்க்காலின் நீரையே இருசாராரும் வயலுக்குப் பாய்ச்சுகின்றனர். ஆயினும் அரசியலில் இவர்கள் ஒன்றாக நின்ற காலமும் உண்டு, வேறாக நின்ற காலமும் உண்டு. இவ்விரு நிலைகளையும் தன் வாழ்நாளிலேயே கடந்து சென்ற சட்டமன்ற உறுப்பினர் ஒருவரைக் குறிப்பிடுவதாயின், எம். எச். எம். அஷ்ரப் அவர்களையே முதலிற் குறிப்பிடல் வேண்டும். அவரது அரசியல் வாழ்வை ஒரு தனிமனிதரின் ஏற்றமாக மட்டும் நோக்காது, சிறுபான்மையினருள்ளும் சிறுபான்மையான ஒரு சமூகம் பாராளுமன்றத்தின் வழியாக எதனைப் பெற முடியும், எதனைப் பெற முடியாது என்னும் வினாவிற்குரிய விடையாக நோக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

முன்னோடிகளும் அவர்தம் வழியும்

அஷ்ரபின் இடத்தை உணர்வதற்கு அவருக்கு முன்னர் இக்கரையோரம் கண்ட பிரதிநிதித்துவத்தின் இயல்பினை அறிதல் அவசியம். 1947ஆம் ஆண்டு பாராளுமன்றத் தேர்தலிலே கல்முனைத் தொகுதியிலிருந்து தெரிவானவர் கேற் முதலியார் எம். எஸ். காரியப்பர். பெருநிலக்காரரான போடிமாரும், பள்ளிவாசல் நிருவாகத்தை நடத்திய மரைக்காயர்மாரும் ஊரின் வாக்கை ஒருமுகப்படுத்திய காலம் அது. வேட்பாளரின் கட்சி எதுவென்பது வாக்காளருக்கு இரண்டாம் வினாவாகவே இருந்தது. அவர் யார், எக்குடியைச் சேர்ந்தவர், கச்சேரியிலே அவருக்கு எவ்வளவு செல்வாக்கு உண்டு என்பனவே முதல் வினாக்களாயிருந்தன.

1956ஆம் ஆண்டிலே இந்நிலையில் ஒரு மாற்றம் தோன்றியது. தனிச் சிங்களச் சட்டத்தின் நிழல் படிந்திருந்த அத்தேர்தலில் இலங்கைத் தமிழரசுக் கட்சி பத்து ஆசனங்களைப் பெற்றது. அவற்றுள் கல்முனையும் பொத்துவிலும் அடங்கும். கல்முனையிலே காரியப்பரும் பொத்துவிலிலே எம். எம். முஸ்தபாவும் தமிழரசுக் கட்சியின் வேட்பாளர்களாக வென்றனர். தமிழ் பேசும் மக்கள் என்னும் தொடர் வெறும் மேடைச் சொல்லன்று, வாக்குப்பெட்டியிலும் உண்மையாகக் கூடியதே என்பதற்கு இவ்வெற்றி சான்றாயிற்று. ஆனால், இருவரும் சிறிது காலத்துள்ளேயே கட்சியை விட்டு அரசாங்கப் பக்கம் சென்றனர். முஸ்தபா 1959ஆம் ஆண்டின் இறுதியில் தகநாயக்காவின் அமைச்சரவையிலே நிதியமைச்சராகவும் விளங்கினார்.

இக்கட்சி மாற்றங்களைத் தனிமனிதரின் பேராசை என்று ஒதுக்கிவிடுதல் எளிது. தமிழரசியல் மேடைகளிலே நெடுங்காலம் அவ்வாறே பேசப்பட்டும் வந்தது. ஆயினும், வாய்க்கால், காணி, பாடசாலை, நியமனம் ஆகியன யாவும் அரசாங்கத்தின் கையிலிருந்தன என்பது மனங்கொள்ளத்தக்கது. 1949இல் தொடங்கிய கல்லோயாத் திட்டம் இப்பகுதியின் நீரையும் நிலத்தையும் அரசின் கட்டுப்பாட்டினுள் கொணர்ந்தது. மேற்கே புதிய சிங்களக் குடியேற்றங்கள் தோன்றின. 1961இல் மட்டக்களப்பு மாவட்டத்தினின்றும் பிரிக்கப்பட்டு அம்பாறை தனி மாவட்டமாயிற்று. எதிர்க்கட்சி வரிசையில் அமர்ந்திருக்கும் உறுப்பினர் தம் தொகுதியின் விவசாயிக்கு அளிக்கக்கூடியது கொள்கை ஒன்றே. கொள்கை யாழ்ப்பாணத்திற்குப் போதுமானதாயிருந்திருக்கலாம். கல்லோயாவின் வாய்க்காற் கடைமடையிலே வேளாண்மை செய்தவனுக்கு அது போதவில்லை.

காரியப்பரின் அரசியல் வாழ்வு முடிவுற்ற விதமும் வரலாற்று முக்கியத்துவம் உடையது. இலஞ்சம் பற்றி விசாரித்த ஆணைக்குழுவொன்றின் முடிவுகளை அடிப்படையாகக் கொண்டு, 1965ஆம் ஆண்டிலே குடியியல் உரிமையிழப்பினை விதிக்கும் சட்டம் நிறைவேறியது. அதன்படி, அவ்வாண்டு தெரிவாகியிருந்த காரியப்பர் தம் ஆசனத்தை இழந்தார். அவர் தொடுத்த வழக்கு இலண்டனிலுள்ள கோமறைக் கழகம் வரை சென்றது. பாராளுமன்றம் ஒருவரைப் பெயர் குறித்துத் தண்டிக்கலாமா, அது நீதித்துறையின் அதிகாரத்தைப் பறிப்பதாகாதா என்பதே எழுந்த வினா. 1967இல் கோமறைக் கழகம் அச்சட்டம் வலுவுடையதென்றே தீர்ப்பளித்தது. மூன்றிலிரண்டு பெரும்பான்மையின் சான்றுடன் நிறைவேறிய சட்டம் அரசியலமைப்புத் திருத்தமாகவும் நிலைபெறும் என்பது அத்தீர்ப்பின் ஒரு கூறு. பொதுநலவாய நாடுகளின் அரசியலமைப்புச் சட்ட மாணவர் இன்றும் பயிலும் இவ்வழக்கின் வேர் கல்முனைத் தொகுதியில் இருப்பது பலர் அறியாத செய்தி. பெரும்பான்மை எண்ணிக்கை ஒன்றே பாராளுமன்றத்தில் இறுதி வலிமை என்பதனைக் கல்முனை இவ்வாறாக முற்கூட்டியே கற்றிருந்தது.

சட்டத்தரணியும் கூட்டணியும்

அஷ்ரப் 1948ஆம் ஆண்டு ஒக்டோபர் 23ஆந் திகதி சம்மாந்துறையிலே பிறந்தார். வளர்ந்தது கல்முனையில். சட்டம் பயின்று சட்டத்தரணியாகித் தம் ஊரிலேயே தொழில் புரிந்தார். போடிமார் மரபின் வழியாக வராது, கல்வியின் வழியாக அரசியலுக்கு வந்த ஒரு தலைமுறையின் பிரதிநிதி அவர். இலவசக் கல்வியும் தாய்மொழிக் கல்வியும் உருவாக்கிய ஆசிரியர்கள், எழுதுவினைஞர்கள், சட்டத்தரணிகள் ஆகியோர் 1970களிலே இவ்வூர்களில் ஒரு புதிய வகுப்பாக எழுந்திருந்தனர். கொழும்பிலிருந்த வணிகச் செல்வந்தரான முஸ்லிம் தலைவர்கள் தங்களுக்காகப் பேசுவார்கள் என்னும் நம்பிக்கை இவ்வகுப்பினரிடம் குறைந்து கொண்டு வந்தது. அஷ்ரப் தமிழிற் கவிதையும் எழுதியவர் என்பதும் இங்குக் குறிப்பிடத்தக்கது. அவரது கவிதைகள் ‘நான் எனும் நீ’ என்னும் பெயரில் 1999இல் பெருந்தொகுதியாக வெளிவந்தன.

1977ஆம் ஆண்டுத் தேர்தலின்போது அஷ்ரபும் அவரது நண்பர்களும் முஸ்லிம் ஐக்கிய விடுதலை முன்னணி என்னும் அமைப்பின் வழியாகத் தமிழர் விடுதலைக் கூட்டணியோடு இணைந்து நின்றனர். கூட்டணியின் உதயசூரியன் சின்னத்திலே முஸ்லிம் வேட்பாளர்கள் கிழக்கில் நிறுத்தப்பட்டனர். தந்தை செல்வநாயகம் மறைந்த ஆண்டு அது. தமிழ் பேசும் இரு சமூகங்களும் ஒரே கொடியின் கீழ் நிற்கலாம் என்னும் நம்பிக்கையை அஷ்ரப் மேடைகளிலே வெளிப்படையாக எடுத்துரைத்தார். ஆனால் கூட்டணி பெற்ற பதினெட்டு ஆசனங்களுள் ஒன்றேனும் முஸ்லிம் வேட்பாளர் எவருக்கும் கிடைக்கவில்லை. கல்முனையிலே ஐக்கிய தேசியக் கட்சியைச் சேர்ந்த ஏ. ஆர். மன்சூர் வெற்றி பெற்றார். வாக்காளர் அரசாங்கத்தின் பக்கமே மீண்டும் சாய்ந்தனர்.

இத்தோல்வியினின்றும் அஷ்ரப் பெற்ற பாடம் இரண்டு எனலாம். தமிழ்க் கட்சியின் பட்டியலில் இடம்பெறும் முஸ்லிம் வேட்பாளர் தம் சமூகத்தின் நம்பிக்கையைப் பெறுவது அரிது என்பது ஒன்று. தேசியக் கட்சியின் வழியாக வெல்பவர் அக்கட்சியின் ஒழுக்கத்திற்குக் கட்டுப்பட்டவராகவே இருப்பார் என்பது மற்றையது. இவ்விரண்டிற்கும் புறம்பான மூன்றாவது வழி ஒன்றே எஞ்சியிருந்தது.

மூன்றாவது வழி

1981ஆம் ஆண்டு செப்டெம்பரிலே காத்தான்குடியில் சிறீலங்கா முஸ்லிம் காங்கிரசு தொடங்கப்பெற்றது. தொடக்கத்தில் அது கிழக்கின் ஓர் அமைப்பாகவே இருந்தது. 1985ஆம் ஆண்டு ஏப்ரிலிலே காரைதீவு முதலாய இடங்களில் தமிழருக்கும் முஸ்லிம்களுக்கும் இடையே மூண்ட கலவரம் நிலைமையை அடியோடு மாற்றியது. அடுத்தடுத்த ஊர்களிலே நூற்றாண்டுக் கணக்கில் வாழ்ந்தவர்களிடையே எரிந்த வீடுகளும் வெறிச்சோடிய தெருக்களும் எல்லைகளாயின. 1986இன் இறுதியிலே கொழும்பிற் கூடிய மாநாட்டில் முஸ்லிம் காங்கிரசு அரசியற் கட்சியாக உருக்கொண்டு, அஷ்ரபின் தலைமையை ஏற்றது.

1987ஆம் ஆண்டு யூலை 29இல் கைச்சாத்திடப்பட்ட இந்திய-இலங்கை ஒப்பந்தம் இக்கட்சியின் வளர்ச்சிக்கு நேரடிக் காரணமாயிற்று. ஒப்பந்தத்தின்படி வடக்கு மாகாணமும் கிழக்கு மாகாணமும் தற்காலிகமாக இணைக்கப்பட்டன. கிழக்கிலே ஏறத்தாழ மூன்றிலொரு பங்கினராயிருந்த முஸ்லிம்கள், இணைந்த மாகாணத்திலே ஐந்திலொரு பங்கிற்கும் குறைந்தவராயினர். அவர்களது கருத்தைக் கேளாமலே அவர்களது எண்ணிக்கையின் பெறுமதி ஒரு கையெழுத்தினாற் குறைக்கப்பட்டது. தமிழருக்கு ஒப்பந்தம் எத்தகைய நம்பிக்கையை அளித்ததோ அத்தகைய அச்சத்தை முஸ்லிம்களுக்கு அளித்தது. இவ்வச்சத்திற்கு அரசியற் குரல் கொடுக்கத் தக்க கட்சி அப்பொழுது ஆயத்தமாக இருந்தது.

1988 நவம்பரில் நடைபெற்ற வடக்கு-கிழக்கு மாகாண சபைத் தேர்தலைத் தமிழ்க் கட்சிகள் பல புறக்கணித்தன. விடுதலைப் புலிகள் எதிர்த்தனர். முஸ்லிம் காங்கிரசு போட்டியிட்டு, 71 ஆசனங்களுள் 17ஐப் பெற்றது. மாகாண சபையை ஏற்பதா மறுப்பதா என்பதைக் காட்டிலும், சபை என்று ஒன்று இருக்குமாயின் அதனுள் தம் சமூகத்தின் ஆசனம் வெறுமையாக இருத்தல் ஆகாது என்பதே அஷ்ரபின் நிலைப்பாடாக விளங்கியது. இந்நிலைப்பாடு அவரது பிற்கால நடவடிக்கைகள் யாவற்றிற்கும் திறவுகோலாகும்.

வெட்டுப்புள்ளியின் கணக்கு

1978ஆம் ஆண்டு அரசியலமைப்பு விகிதாசாரப் பிரதிநிதித்துவத்தைப் புகுத்தியது. ஆயினும், ஒரு தேர்தல் மாவட்டத்திலே அளிக்கப்பட்ட வாக்குகளுள் எட்டிலொரு பங்கு, அதாவது 12.5 விழுக்காடு, பெறாத கட்சிக்கு அம்மாவட்டத்தில் ஆசனமில்லை என்னும் விதியும் உடன் இருந்தது. நாடு முழுவதிலும் சிதறி வாழ்ந்த ஒரு சமூகத்திற்கு இவ்வெட்டுப்புள்ளி பெருந்தடையாகும். 1981ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பின்படி அம்பாறை மாவட்டத்திலே முஸ்லிம்கள் ஏறத்தாழ 41 விழுக்காட்டினர்; ஆகவே அங்கு இவ்விதியால் இடரில்லை. வன்னியிலும் தென்னிலங்கையிலுமே அது இடராயிருந்தது. தன் ஆசனத்திற்குத் தேவையற்ற ஒரு திருத்தத்தை அஷ்ரப் வற்புறுத்தினார் என்பது அவரது தொலைநோக்கிற்குச் சான்றாகும்.

1988 திசெம்பரில் சனாதிபதித் தேர்தல் நெருங்கியது. வெற்றி தோல்வி சிறு வேறுபாட்டிலே தங்கியிருந்த அந்நேரத்தில், முஸ்லிம் காங்கிரசின் ஆதரவை நாடிய இரணசிங்க பிரேமதாச, வெட்டுப்புள்ளியைக் குறைக்க இணங்கினார். தேர்தலுக்குச் சில நாட்களே இருக்கும் வேளையிலே அரசியலமைப்பிற்கான பதினைந்தாந் திருத்தம் நிறைவேறி, வெட்டுப்புள்ளி 5 விழுக்காடாயிற்று. பாராளுமன்றத்தில் ஓர் உறுப்பினரேனும் இல்லாத கட்சியொன்று நாட்டின் அரசியலமைப்பையே திருத்துவித்தது என்பது வியத்தற்குரியது. இத்திருத்தத்தினாற் பயன்பெற்றவர் முஸ்லிம்கள் மட்டுமல்லர். மலையகத் தமிழரும், தெற்கின் சிறு கட்சிகளும், பின்னாளிலே தேர்தலுக்கு மீண்ட மக்கள் விடுதலை முன்னணியும் இதனாற் பயன் கொண்டனர்.

1989 பெப்ரவரியில் நடைபெற்ற பொதுத்தேர்தலிலே முஸ்லிம் காங்கிரசு நான்கு ஆசனங்களைப் பெற்றது. அஷ்ரப் அம்பாறை மாவட்டத்தின் உறுப்பினராகப் பாராளுமன்றம் புகுந்தார்.

குருதி படிந்த ஆண்டுகள்

பாராளுமன்றத்திலே அவர் கழித்த முதல் ஆண்டுகள் கிழக்கு முன்பொருபோதும் காணாத கொடுமையின் ஆண்டுகள். 1990 ஓகத்து 3இலே காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுகையில் ஈடுபட்டிருந்த நூற்றுக்கு மேற்பட்டோர் கொல்லப்பட்டனர். சில நாட்களில் ஏறாவூரிலும் படுகொலை நிகழ்ந்தது. அதே மாதத்தில் அம்பாறை மாவட்டத்து வீரமுனையிலே அடைக்கலம் புகுந்திருந்த தமிழர் கொல்லப்பட்டனர். ஒக்டோபரிலே வடமாகாண முஸ்லிம்கள் யாவரும் தம் இல்லங்களினின்றும் வெளியேற்றப்பட்டனர். இரு சமூகங்களும் தத்தம் துயரை மட்டுமே எண்ணிய காலம் அது. மற்றவரின் துயரை நினைவூட்டுவோர் துரோகியாகக் கருதப்பட்டனர்.

இத்தகைய சூழலிலே, சமூகத்தின் சினத்தை ஆயுதத்தின் பக்கம் திருப்புவது எளிதாயிருந்தது. அஷ்ரப் அதனைப் பாராளுமன்றத்தின் பக்கம் திருப்ப முயன்றார். முஸ்லிம் இளைஞர் ஆயுத இயக்கமாகத் திரளாமற் போனமைக்குக் காரணம் பலவாயினும், நம்பத்தக்க அரசியற் கட்சி ஒன்று அவர்களுக்கு இருந்தமை அவற்றுள் முதன்மையானது என்று கொள்வதில் தவறில்லை.

ஏழு ஆசனங்களின் வலிமை

1994 ஓகத்தில் நடைபெற்ற பொதுத்தேர்தல் அஷ்ரபின் வாழ்வில் உச்சமாக அமைந்தது. 225 உறுப்பினரைக் கொண்ட பாராளுமன்றத்திலே பொதுசன ஐக்கிய முன்னணி 105 ஆசனங்களையும் ஐக்கிய தேசியக் கட்சி 94 ஆசனங்களையும் பெற்றன. பெரும்பான்மைக்கு 113 தேவை. முஸ்லிம் காங்கிரசின் ஏழு உறுப்பினரும் மலையகத்தின் ஓர் உறுப்பினரும் இணைந்தபோதே அவ்வெண் நிறைவுற்றது. பதினேழு ஆண்டுக்கால ஐக்கிய தேசியக் கட்சி ஆட்சி முடிவுற்றுச் சந்திரிகா குமாரதுங்கவின் ஆட்சி மலர்ந்தமைக்குக் கல்முனைக் கரையின் வாக்குகளும் காரணமாயின. முன்னர் காரியப்பரும் முஸ்தபாவும் தனித்தனியே அரசாங்கப் பக்கம் சென்றனர். அஷ்ரப் ஒரு கட்சியாக, நிபந்தனையோடு சென்றார். இருவழிக்கும் இடையிலான வேறுபாடு இதுவே.

துறைமுகங்கள், கப்பற்றுறை, புனர்வாழ்வு, புனரமைப்பு ஆகிய பொறுப்புகள் அவரது அமைச்சின் கீழ் வந்தன. அமைச்சராக அவர் ஆற்றிய பணிகளுள் காலத்தை வென்று நிற்பது தென்கிழக்குப் பல்கலைக்கழகம். போரின் காரணமாக வந்தாறுமூலையிலும் யாழ்ப்பாணத்திலும் கல்வியைத் தொடர இயலாத முஸ்லிம் மாணவருக்கென 1995இல் பல்கலைக்கழகக் கல்லூரியாகத் தொடங்கி, 1996இல் முழுமையான பல்கலைக்கழகமாக உயர்ந்து, ஒலுவிலிலே அது நிலைபெற்றது. இன்று அங்கே முஸ்லிம் மாணவரோடு தமிழரும் சிங்களவரும் பயில்கின்றனர். ஓர் இனத்தின் இடுக்கண் தீர்க்கத் தோன்றிய நிறுவனம் எல்லா இனத்தினர்க்கும் உரியதாக வளர்ந்தது.

ஒலுவிலுக்கென அவர் கண்ட மற்றைய கனவான துறைமுகத்தின் வரலாறு வேறு. அவர் மறைந்த பின்னர், 2008இல் டென்மார்க்கின் கடனுதவியோடு வேலை தொடங்கி, 2013இல் அது திறக்கப்பட்டது. ஆனால் கரையோர நீரோட்டம் கொணரும் மணல் துறைமுக வாயிலை அடைத்தது. அணைகளின் வடபுறத்தே கரை அரிப்புண்டு, தென்னந்தோட்டங்களும் மீனவரின் வாடிகளும் கடலுட் சென்றன. அரசியல் விருப்பு ஒன்றே ஒரு திட்டத்திற்குப் போதிய அடித்தளமாகாது என்பதற்கு அத்துறைமுகம் கண்கண்ட சான்று.

அமைச்சராயிருந்த காலத்திலே அவர் மீது கண்டனங்களும் எழாமலில்லை. தம் சமூகத்தவர்க்கும் தம் கட்சியினர்க்கும் வேலைவாய்ப்பில் முன்னுரிமை அளித்தார் என்பது அவற்றுள் ஒன்று. ஆதரவாளர் இதனை நீண்டகாலப் புறக்கணிப்பிற்கான ஈடாகக் கருதினர், எதிரிகள் பாரபட்சமென்றனர். தீகவாபிக் காணிகள் பற்றிய பிணக்கிலே 1999இல் கங்கொடவில சோம தேரரோடு அவர் தொலைக்காட்சியிற் சிங்கள மொழியில் விவாதித்தமை நாடெங்கும் பேசப்பட்டது. தமிழிற் கவிதை பாடியவர், சிங்களத்தில் விவாதித்தார். பெரும்பான்மை மக்களை அவர்தம் மொழியிலேயே எதிர்கொள்ள வேண்டும் என்னும் தெளிவு அவரிடமிருந்தது.

தீராத முரண்

அஷ்ரபின் அரசியலிலே ஆழமானதொரு முரண் இருந்தது. இலங்கை முஸ்லிம்களுள் ஏறத்தாழ மூன்றிலொரு பங்கினரே வடக்கு-கிழக்கிற்கு உரியவர். எஞ்சியோர் கொழும்பு, கண்டி, களுத்துறை, புத்தளம் முதலிய இடங்களிலே சிங்களப் பெரும்பான்மையின் நடுவே வாழ்பவர். கிழக்கு முஸ்லிமுக்குத் தேவைப்பட்டது நிலத்தின் மீதான அதிகாரம். தென்னிலங்கை முஸ்லிமுக்குத் தேவைப்பட்டது அயலவரோடு அமைதி. அதிகாரப் பகிர்வு பற்றிய பேச்சுகளிலே கல்முனை, சம்மாந்துறை, பொத்துவில் ஆகிய தொகுதிகளை அடக்கிய தென்கிழக்கு அலகொன்றினை அஷ்ரபின் கட்சி கோரியது. ஆனால் அவ்வலகு தென்னிலங்கை முஸ்லிமுக்கு யாது பயன் தரும் என்னும் வினாவிற்கு விடையில்லை. அம்மூன்று தொகுதிகளுள் வாழும் தமிழர் அதனுள் மற்றொரு சிறுபான்மையாவர் என்பதும் உண்மை.

இம்முரணை உணர்ந்தே அவர் 1990களின் இறுதியிலே தேசிய ஐக்கிய முன்னணி என்னும் பல்லினக் கட்சியைத் தோற்றுவித்தார். ஒரு சமூகத்தின் கட்சியை வளர்த்தவர், அக்கட்சியின் எல்லையை அறிந்து அதற்கு அப்பாற் செல்ல முனைந்தமை சிந்திக்கத்தக்கது. புதிய அரசியலமைப்பு வரைவு 2000 ஓகத்து 3இலே பாராளுமன்றத்திற் சமர்ப்பிக்கப்பட்டது. மூன்றிலிரண்டு பெரும்பான்மை கிட்டாமையால் அது கைவிடப்பட்டது. அதனையடுத்துப் பொதுத்தேர்தல் அறிவிக்கப்பட்டது. தேர்தலுக்கு மூன்றரை வாரம் இருக்கையிலே, 2000 செப்டெம்பர் 16ஆந் திகதி, கொழும்பிலிருந்து அம்பாறை நோக்கிச் சென்ற உலங்கு வானூர்தி அரநாயக்கா மலைப்பகுதியில் வீழ்ந்து, அஷ்ரப் உடன் சென்றோருடன் உயிர்நீத்தார். அப்பொழுது அவருக்கு ஐம்பத்திரண்டு வயதும் நிறைந்திருக்கவில்லை.

மதிப்பீடு

அவருக்குப் பின்னர் முஸ்லிம் காங்கிரசின் தலைமை ரவூப் ஹக்கீமிடமும், தேசிய ஐக்கிய முன்னணியின் தலைமை பேரியல் அஷ்ரபிடமும் சென்றன. அதன்பின் கட்சி மேலும் பல கூறுகளாயிற்று. ஒவ்வொரு கூறும் தனித்தனியே அரசாங்கங்களிலே அமைச்சுப் பதவி பெற்றமை, காரியப்பர் காலத்து வழி மீண்டும் திறக்கப்பட்டதையே காட்டுகின்றது. வடக்கு-கிழக்கு இணைப்பு 2006இல் உயர்நீதிமன்றத் தீர்ப்பினால் முடிவுற்றது. தென்கிழக்கு அலகு தோன்றவேயில்லை. கல்முனையிலே வடக்குப் பிரதேச செயலகத்தைத் தரமுயர்த்துமாறு கோரித் தமிழர் 2019இல் உண்ணாவிரதம் இருந்தனர். முஸ்லிம்கள் எதிர்ப்புத் தெரிவித்தனர். சாய்ந்தமருது மக்களோ தமக்கெனத் தனி உள்ளூராட்சி மன்றம் வேண்டிப் போராடினர். எல்லைகள் சுருங்கிச் சுருங்கி ஊருக்குள்ளும் வந்துவிட்டன.

இவற்றை நோக்குமிடத்து, ஒரு சிறுபான்மைச் சட்டமன்ற உறுப்பினரின் ஆற்றல் எங்கே தங்கியுள்ளது என்பது புலனாகும். ஆட்சியின் சமநிலை சில ஆசனங்களிலே தங்கியிருக்கும் நேரம் அரிதாகவே வாய்க்கும். அந்நேரத்திலே பதவியைக் கேட்பவருக்குப் பதவி கிடைக்கும்; அது அவரோடு முடிவுறும். விதியையும் நிறுவனத்தையும் கேட்பவருக்கு அவை கிடைக்கும். அவை அவருக்குப் பின்னும் நிற்கும். அஷ்ரப் இருவகையையும் கேட்டார். 5 விழுக்காட்டு வெட்டுப்புள்ளியும் ஒலுவிற் பல்கலைக்கழகமும் இரண்டாம் வகையைச் சேர்ந்தவை, ஆகவே நிலைத்தன.

1977இலே அவர் மேடையேறிப் பேசிய தமிழ்-முஸ்லிம் ஒற்றுமை அவரது வாழ்நாளிலே கைகூடவில்லை. அதனை அவர் கைவிட்டார் என்று தமிழர் சிலர் குறை கூறுவர். அதனைத் தமிழரே கைவிட்டனர் என்று முஸ்லிம்கள் கூறுவர். வரலாற்று மாணவன் இவ்விரு கூற்றுகளுக்கும் பின்னாலுள்ள எண்களை நோக்குதல் வேண்டும். ஒரு சமூகத்தின் எண்ணிக்கையைப் பயன்படுத்தி அதற்குரிய பங்கினை அளிக்காத எந்தக் கூட்டும் நிலைக்காது. 1956இலும் 1977இலும் 1987இலும் தமிழ்த் தலைமைகள் கற்கத் தவறிய பாடம் இதுவே. கல்முனைக்கும் சாய்ந்தமருதுக்கும் இடையிலும், பாண்டிருப்பிற்கும் மருதமுனைக்கும் இடையிலும் எழுந்துள்ள பிணக்குகளைத் தீர்க்க முனையும் எவரும் முதற்கண் ஏற்க வேண்டிய பாடமும் அதுவேயாகும்.